பழி சுமந்த பேரறிஞர் ஹாஃப்கின்

காலில் ஆணி தைத்தாலும், மரச்சீனிக்கு மண் அணைக்கும்போது மண்வெட்டி பட்டாலும், மாட்டுத் தொழுவத்தில் வழுக்கி விழுந்து முழங்கால் சிராய்த்தாலும், உடனே ஆஸ்பத்திரிக்கு ஓடி ஓர் ஊசி போட்டுக்கொள்வது இன்று நம் வீடுகளில் வழக்கமாகிவிட்டது. அதியன்னூர் முதல் பாறசாலை வரை எல்லையோரம் குடியமர்ந்து வாழும் தமிழ்க் குடும்பங்களில், அவ்வூசியின் பெயரறியாத தாய்மார் இலர். அது எதற்கு என்று வினவினால், செப்டிக் ஆகாமல் இருக்க என்பர் சிலர். இரும்புத் துருவில் நஞ்சு உண்டு என்பர் வேறு சிலர். உண்மையில் நஞ்சு துருவில் இல்லை. நாம் அன்றாடம் மிதித்து நடக்கும் மண்ணில், கண்ணுக்குப் புலனாகாத வித்தாக அது உறங்கிக் கிடக்கிறது. அவ்வித்துத் தோற்றுவிக்கும் நோயைத் தமிழில் தனுர்வாதம் என்றும், நம் மலையாள அண்டை வீட்டார் குதிரைச் சன்னி என்றும் வழங்குவர்.

அத்தகைய வித்தொன்றின் பொருட்டுத் தம் பதவியையும் நற்பெயரையும் இழந்து, ஐந்தாண்டுக் காலம் பழி சுமந்து நின்ற பேரறிஞர் ஒருவரின் வரலாற்றை இவ்வாண்டு மலரில் எழுதத் துணிந்தோம். வால்டெமர் மொர்டெகாய் ஹாஃப்கின் என்பது அவர் பெயர். அவர் தமிழரும் அல்லர், இந்தியரும் அல்லர். எனினும், வாந்திபேதியும் பிளேக்கும் ஊர்களைச் சூறையாடிய நாளில் இந்நாட்டு மக்களைக் காக்கத் தம் உடலையே சோதனைக் களமாக்கியவர் அவர். பள்ளிப் பாடநூல்களில் அவர் பெயர் ஒரு வரியில் வந்து மறைந்துவிடுகிறது. அந்த ஒரு வரிக்குப் பின்னால் உள்ள துயரத்தை நம் பிள்ளைகள் அறிதல் வேண்டும் என்பது எம் அவா.

1860ஆம் ஆண்டு மார்ச்சு 15ஆம் நாள், கருங்கடற்கரையில் உள்ள ஒடெஸ்ஸா நகரில் யூதக் குடும்பம் ஒன்றில் ஹாஃப்கின் பிறந்தார். அந்நகர் அக்காலத்தில் ருசியப் பேரரசுக்கு உட்பட்டிருந்தது. இளமைக் கல்வி பெர்டியான்ஸ்க் என்னும் சிறு துறைமுக ஊரில். உயர்கல்வி ஒடெஸ்ஸாப் பல்கலைக்கழகத்தில். ஆங்கு அவருக்கு ஆசானாக வாய்த்தவர், பின்னாளில் நோபல் பரிசு பெற்ற விலங்கியற் பேரறிஞர் மெச்னிகாஃப். நல்லாசான் கிடைத்தும் நற்காலம் கிடைக்கவில்லை. யூதர்களின் இல்லங்களைக் கும்பல்கள் சூறையாடிய கொடுமை மிகுந்த காலம் அது. யூதர் தற்காப்பு அணியில் சேர்ந்து, தம் இனத்தார் வீடொன்றைக் காக்கப் போராடிக் காயமுற்றார் இளைஞர் ஹாஃப்கின், சிறைப்படவும் நேர்ந்தது. ஆசான் தலையிட்டமையால் விடுதலை பெற்றார்.

பட்டம் பெற்றபின் அவர் பேராசிரியப் பதவிக்குத் தகுதியுடையவராக இருந்தார். ஆயினும் ஒரு நிபந்தனை குறுக்கிட்டது. யூத சமயத்தை விடுத்து ருசியத் திருச்சபையில் சேர்ந்தாலன்றி அப்பதவி கிட்டாது. ஹாஃப்கின் மறுத்துவிட்டார். ஒடெஸ்ஸாவின் விலங்கியற் காட்சிசாலையில் சிறு பணி ஒன்றைப் பார்த்துக்கொண்டு சில ஆண்டுகளைக் கழித்தார். ஓரணு உயிர்களைப் பற்றி அவர் எழுதிய ஆய்வுகள் அக்காலத்தவை. 1888இல் தாயகம் துறந்து ஜினீவா சென்று, மறு ஆண்டு பாரிசு நகரில் பாஸ்டர் ஆய்வுக்கூடத்தை அடைந்தார். மெச்னிகாஃப் அவருக்கு முன்பே ஆங்குச் சென்றிருந்தார். ஆனால் காலியாக இருந்த வேலையோ நூலகத்தில் உதவியாளர் வேலை! புத்தகம் அடுக்கும் பணியை ஏற்றுக்கொண்டு, எஞ்சிய பொழுதில் சோதனைக் குழாய்களோடு உறவாடினார். ஊர் விட்டு ஊர் வந்து, கிடைத்த வேலையைப் பற்றிக்கொண்டு மேலேறிய குடும்பங்கள் நம்முள்ளும் பலவாகலின், இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

அந்நாளில் வாந்திபேதி உலகை அச்சுறுத்திக்கொண்டிருந்தது. காலரா எனப்படும் அந்நோயின் கிருமியை ராபர்ட் காக் என்னும் செருமானிய அறிஞர் கல்கத்தாவுக்கே வந்து 1884இல் உறுதிப்படுத்தியிருந்தார். கிருமி தெரிந்துவிட்டது, காப்பு தெரியவில்லை. ஹாஃப்கின் அக்கிருமியை இருவகையாகப் பயிர் செய்தார். வெப்பமும் காற்றும் ஊட்டி வலிமை குன்றச் செய்தது ஒன்று; விலங்குகளின் உடலில் மீண்டும் மீண்டும் வளர்த்து வலிமை மிகச் செய்தது மற்றொன்று. முன்னதை முதலிலும் பின்னதைச் சில நாள் கழித்தும் உடலிற் செலுத்தினால் நோய் அணுகாது என்று முயல்களிலும் கினியா எலிகளிலும் கண்டார். மனிதரிடத்து இதனை யார் மேல் சோதிப்பது? 1892 சூலை 18ஆம் நாள் தம் உடலிலேயே செலுத்திக்கொண்டார். அப்போது அவருக்கு வயது 32. காய்ச்சலும் வலியும் வந்து நீங்கின.

அறிஞர் உலகம் உடனே மகிழ்ந்துவிடவில்லை. அவருடைய பெரிய ஆசான்மாருள்ளும் ஐயமுற்றோர் இருந்தனர். ஊசியின் பயனை மெய்ப்பிக்க, நோய் மிகுந்த நாட்டுக்குச் செல்லுதல் வேண்டும். பாரிசில் பிரிட்டிஷ் தூதராயிருந்த டஃபரின் பிரபு முன்னாளில் இந்தியாவின் வைஸ்ராயாக இருந்தவர். அவருடைய துணையால் வழி பிறந்தது. 1893 மார்ச்சில் ஹாஃப்கின் கல்கத்தாவில் வந்திறங்கினார். அவரிடம் பட்டாளமும் இல்லை, பதவியும் இல்லை. மருத்துவப் பட்டம்கூட இல்லை, அவர் விலங்கியலார். இந்திய மருத்துவப் பணியில் இருந்த ஆங்கில மருத்துவர்கள் பலர் இக்குறையை அவர்மீது என்றும் மறந்திலர். பின்னால் வந்த துன்பத்தில் இதற்கும் பங்குண்டு என்பதே எம் கருத்து.

கல்கத்தாவின் சேரிகளில் ஒன்று காட்டால் பாகான். 1894 மார்ச்சு இறுதியில் அங்குக் குளக்கரையில் வாந்திபேதி தலைகாட்டியது. ஏறத்தாழ 200 பேர் வாழ்ந்த அச்சேரியில் 116 பேருக்கு ஊசி போடப்பட்டது. அதன்பின் அங்கு நோய் கண்டவர் அனைவரும் ஊசி போட்டுக்கொள்ளாதவர்களே என்று பதிவாயிற்று. கல்லெறிந்து வரவேற்ற ஊர்களும் உண்டு. அத்தகைய இடங்களில் தம்மோடு வந்த மருத்துவர்கள் மக்கள் காணத் தமக்கே ஊசி போட்டுக்கொள்ள, அதனைக் கண்டு ஊரார் மனம் மாறினர் என்பது வரலாறு. வட இந்தியாவிலும் அஸ்ஸாம் தேயிலைத் தோட்டங்களிலும் அலைந்து, இரண்டரை ஆண்டுகளில் 40,000க்கு மேற்பட்டோருக்கு ஊசி போட்டார். முடிவில் மலேரியா அவரைப் படுக்கையில் தள்ளியது. ஐரோப்பா சென்று சற்றே தேறி 1896இல் மீண்டும் வந்தார்.

அவ்வாண்டு செப்டம்பரில் பம்பாயின் மாண்ட்வி வட்டாரத்தில் பிளேக் என்னும் கொள்ளைநோய் புகுந்தது. நெறி கட்டி, காய்ச்சலில் பிதற்றி, ஓரிரு நாளில் உயிர் போகும். நகரை விட்டு மக்கள் கூட்டம் கூட்டமாக ஓடினர். இந்நோய் பின்பு தென்னாட்டையும் விட்டதில்லை. கோவைப் பகுதியில் இன்றும் பிளேக் மாரியம்மன் என்ற பெயரால் கோயில்கள் நின்று அக்கால அச்சத்தைக் காட்டுகின்றன. ஹாஃப்கின் பம்பாய்க்கு அழைக்கப்பட்டார். கிராண்ட் மருத்துவக் கல்லூரியில் ஒதுக்கப்பட்ட சிற்றிடம், ஓர் எழுத்தர், சில ஏவலர்: இவையே அவருக்குக் கிடைத்த படை.

அவர் கையாண்ட முறை நம் வீட்டு அடுக்களைக்கு அயலானது அன்று. இறைச்சிச் சாறு நிரப்பிய குடுவைகளில் உருக்கிய நெய்த்துளிகளை மிதக்கவிட்டு, அவற்றின் அடியில் பிளேக் கிருமியை ஒட்டி வளரச் செய்தார். குகை விதானத்திலிருந்து தொங்கும் கல் விழுதுகளைப் போலக் கிருமித் திரள்கள் நெய்யிலிருந்து கீழ்நோக்கித் தொங்கி வளர்ந்தன. குடுவையை அசைத்து அவற்றை உதிர்த்தால் மீண்டும் புது விழுதுகள் இறங்கும். போதிய அளவு திரண்டபின் வெப்பமூட்டிக் கிருமிகளைக் கொன்றால் ஊசி மருந்து ஆயத்தம். இங்கொன்று கருதத்தக்கது. பிளேக் கிருமி வித்து உண்டாக்கும் இனம் அன்று. ஆகவே 65 டிகிரி அளவான சூடே அதனைக் கொல்லப் போதும். இந்த நுட்பத்தை நெஞ்சில் இருத்திக்கொள்ளுமாறு அன்பர்களை வேண்டுகிறோம்; கதையின் திருப்பம் இதில்தான் இருக்கிறது.

மூன்று மாதத்தில் மருந்து உருவாயிற்று. 1897 சனவரி 10ஆம் நாள், பிறருக்கு இட எண்ணியதனினும் மிக்க அளவைத் தம் உடலிற் செலுத்திக்கொண்டார். அம்மாத இறுதியில் பைக்குல்லாச் சிறையில் நோய் புகுந்தபோது கைதிகள் பலர் தாமே முன்வந்து ஊசி போட்டுக்கொண்டனர். போட்டுக்கொண்டோரிடையே நோயும் சாவும் குறைந்தமை கண்கூடாகத் தெரிந்தது. பரோடா சமஸ்தானத்தைச் சேர்ந்த உந்தேரா என்னும் சிற்றூரில் 1898இல் ஒவ்வொரு குடும்பத்திலும் ஒரு பாதியினருக்கு ஊசி போட்டு, மறு பாதியினரோடு ஒப்பிட்டுப் பார்த்தனர். ஊசி பெற்ற 71 பேரில் மாண்டோர் 3. பெறாத 64 பேரில் மாண்டோர் 26. ஒரே கூரை, ஒரே சோறு, ஒரே கிணறு. வேறுபாடு ஊசி ஒன்றே. இக்கணக்கைப் படிக்கும்போது அந்த 26 பேரின் நிலையை எண்ணி எம் மனம் சற்றுத் துணுக்குறாமல் இல்லை. எனினும் பின்வந்த பல்லாயிரவர்க்கு நம்பிக்கை அளித்தது இக்கணக்கே.

ஆகா கான் தாமே பலர் காண ஊசி போட்டுக்கொண்டு தம் சமூகத்தாரை ஊக்கினார். விக்டோரியா அரசியார் பட்டம் அளித்துச் சிறப்பித்தார். 1899இல் பரேல் என்னுமிடத்திலிருந்த பழைய கவர்னர் மாளிகைக்கு ஆய்வுக்கூடம் இடம் பெயர்ந்தது. புகழின் உச்சியில் ஹாஃப்கின் நின்ற காலம் அது.

இனி, உறங்கும் வித்தைப் பற்றிச் சிறிது கூறுதல் வேண்டும்.

பாக்டீரியா என்பது ஒரே உயிரணுவாலாகிய உயிர். வெளியே மதில் போன்றதொரு சுவர். அதன் உட்புறம் மெல்லிய சவ்வு. அதற்குள் கூழ் போன்ற உயிர்ப்பொருள். அதன் நடுவே குலமரபைத் தாங்கும் நீண்ட இழை. நம் உடலின் உயிரணுக்களில் உள்ளது போல அவ்விழைக்குத் தனியறை இல்லை. உணவும் ஈரமும் உள்ளவரை இவ்வுயிர் இரண்டாகவும் நான்காகவும் பிளந்து பெருகும். உணவு அருகினால் பெரும்பாலானவை மடியும். ஆனால் சில இனங்கள் மடிவதில்லை. அவை ஒரு சூழ்ச்சி செய்கின்றன. உயிரணு தன்னைப் பெரிதும் சிறிதுமாக இரு கூறாக்கிக்கொள்கிறது. பெரிய கூறு சிறிய கூற்றைத் தன்னுள் விழுங்கி, தாய் கருவைப் பேணுவது போல அதன்மேல் உறை மேல் உறையாகப் போர்த்துகிறது. உள்ளிருக்கும் நீரில் பெரும்பகுதி வெளியேறிவிடுகிறது. சுண்ணச் சத்தோடு கூடிய ஓர் அமிலம் அவ்விடத்தில் நிறைகிறது. மரபிழையைச் சிறு புரதங்கள் கவசம் போலப் பற்றிக்கொள்கின்றன. பணி முடிந்ததும் தாயணு கரைந்து போக, வித்து மட்டும் வெளிப்படுகிறது. இதனை ஸ்போர் என்பர் விஞ்ஞானிகள். யாம் வித்தணு என்று கூறுவோம்.

நம் ஊரில் கோட்டை கட்டி வைத்த விதைநெல்லை இதற்கு உவமையாகச் சொல்லலாம். ஆயினும் ஒரு வேறுபாடு உண்டு. ஒரு நெல் பல நெல்லாகும். இங்கோ ஓர் உயிரணு ஒரே வித்தணுவாகிறது, அது விழித்து மீண்டும் ஓர் உயிரணுவே ஆகிறது. எனவே இது இனப்பெருக்கம் அன்று. உயிர் தப்பும் வழி. வித்தணு உண்பதில்லை, வளர்வதில்லை. வெயில், வறட்சி, கொதிநீர், கிருமிகொல்லித் திராவகம் ஆகியவற்றை எதிர்த்து ஆண்டுக்கணக்கில் கிடக்கும். தக்க இடமும் உணவும் கிட்டியதும் நீரை உறிஞ்சி, உறையைக் கிழித்து, பழைய உயிராகவே எழுந்துவிடும்.

1876இல் இருவர் இதனைத் தனித்தனியே வெளிப்படுத்தினர். பிரெஸ்லாவில் ஃபெர்டினாண்ட் கோன் வைக்கோல் ஊறிய நீரில் வாழும் பாக்டீரியாவில் கண்டார். நாட்டுப்புற மருத்துவராயிருந்த ராபர்ட் காக், ஆடு மாடுகளைக் கொல்லும் அடைப்பான் நோயின் கிருமியில் கண்டார். அடைப்பானால் மாடு செத்த மேய்ச்சல் நிலத்தில் பல்லாண்டு கழித்து மேய்ந்த மாடும் சாவது ஏன் என்ற புதிர் அன்று விடுபட்டது. அடுத்த ஆண்டு டிண்டால் என்பார், ஒருமுறை கொதிக்க வைத்தால் சாகாத வித்தணுவை முளைக்க விட்டு மறுபடியும் மறுபடியும் கொதிக்க வைத்துக் கொல்லும் முறையைக் கூறினார். இந்நாளில் ஆஸ்பத்திரிகளில் அழுத்தமிகு நீராவிக் கலத்தில் 121 டிகிரி சூட்டில் 15 நிமிடம் கருவிகளை வைப்பது இந்த வித்தணுவை அஞ்சியே.

தனுர்வாதக் கிருமியும் இவ்வினத்தது. ஒரு முனையில் வித்தணு உருண்டு திரண்டிருத்தலால் உருப்பெருக்கியில் முரசறையும் கோல் போலத் தோன்றும். காற்றுப் பட்டால் வளராது. ஆகவே ஆழ்ந்த குத்துக்காயமே அதற்கு உகந்த இடம். அங்கு விழித்தெழுந்து அது உமிழும் நஞ்சு நரம்பு வழியே ஏறித் தாடையைப் பூட்டும். உடலை வில்லாக வளைக்கும். மண்ணை விலங்கின் உடலிற் செலுத்தி இந்நோயை உண்டாக்கலாம் என்று 1884இல் நிக்கோலாயர் காட்டினார். 1889இல் கிடஸாட்டோ என்னும் ஜப்பானிய அறிஞர் கலப்புக் கிருமிகளை 80 டிகிரிக்குச் சூடாக்கினார். ஏனையவை மடிந்தன, தனுர்வாத வித்தணு மட்டும் பிழைத்தது. அதனைக் காற்றில்லாமல் வளர்த்துத் தூயதாகப் பிரித்தார். 80 டிகிரிக்குச் சாகாதது 65 டிகிரிக்குச் சாகுமா?

1902 அக்டோபர் 30ஆம் நாள் பஞ்சாப் மாகாணத்தில் முல்கோவால் என்னும் சிற்றூரில் பிளேக் ஊசி போடும் பணி நடந்தது. அன்று ஐந்து புட்டிகளிலிருந்து 107 பேருக்கு ஊசி போட்டனர். ஏறத்தாழ ஒரு வாரம் சென்றதும் சிலருக்குத் தாடை இறுகியது. பின் உடல் வளைந்தது. 53என் என்று குறியிடப்பட்ட ஒரே புட்டியிலிருந்து ஊசி பெற்ற 19 பேரும் தனுர்வாதத்தால் மாண்டனர். ஏனைய நான்கு புட்டிகளால் ஒருவருக்கும் தீங்கில்லை. நோயைத் தடுக்க நீட்டிய கை சாவைக் கொடுத்துவிட்டது. அச்சிற்றூர்க் குடும்பங்களின் அவலத்தை எழுத எம்மிடம் சொல் இல்லை.

அரசாங்கம் ஒரு விசாரணைக் குழுவை அமைத்தது. பம்பாய் உயர்நீதிமன்றத் தலைமை நீதிபதி அதன் தலைவர். கிருமி புட்டிக்குள் எங்கே புகுந்தது? பம்பாய் ஆய்வுக்கூடத்திலா, முல்கோவாலில் புட்டியைத் திறந்தபோதா? ஆய்வுக்கூடத்திலேயே புகுந்தது என்று குழு கருதியது. அதற்குக் காரணமும் காட்டியது. பஞ்சாபுக்குப் பெருந்தொகையாக மருந்து வேண்டியிருந்தமையால், ஹாஃப்கின் தம் முறையைச் சற்று மாற்றி, கார்பாலிக் திராவகம் சேர்ப்பதை விடுத்து வெப்பத்தை மட்டுமே நம்பியிருந்தார். இம்மாற்றமே கேட்டுக்கு வழி செய்தது என்பது குழுவின் எண்ணம். ஹாஃப்கின் பதவியிலிருந்து நீக்கி வைக்கப்பட்டார். 1904இல் அவர் இந்தியாவை விட்டுச் சென்றார்.

ஆயினும் புட்டியின் வரலாற்றை வித்தணுவின் இயல்பைக் கொண்டே படித்திருக்கலாம். முதலாவது, காலம். புட்டி அடைத்த நாளிலேயே வித்தணு உட்புகுந்திருந்தால், திறப்பதற்கு முன் கழிந்த நாள்களில் காற்றில்லாத அச்சாற்றில் அது விழித்துப் பெருகி நஞ்சைத் தேக்கியிருக்கும். தேங்கிய நஞ்சு உடலிற் புகுந்தால் நோய் விரைவில் வெளிப்படும். முல்கோவாலில் ஒரு வாரம் சென்றே நோய் கண்டது. உறங்கும் வித்தணு உடலுக்குள் சென்று, அங்கே விழித்து, அங்கேயே நஞ்சு செய்வதற்கு ஆகும் காலம் அது. இரண்டாவது, நாற்றம். தனுர்வாதக் கிருமி வளர்ந்த சாறு மூக்கைத் துளைக்கும். புட்டியைத் திறந்த மருத்துவர் அத்தகைய நாற்றம் எதனையும் கண்டிலர். மூன்றாவது, அனைத்தினும் வலியது. புட்டியின் அடைப்பைப் பிடுங்கும் இடுக்கி அன்று தரையில் விழுந்தது. அதனை எடுத்த உதவியாளர் தீயில் வாட்டாமல் கார்பாலிக் திராவகத்தில் அலசிவிட்டு அதைக்கொண்டே புட்டியைத் திறந்தார். எந்தத் திராவகத்தைச் சேர்க்கவில்லை என்று ஹாஃப்கின்மேல் குற்றம் சுமத்தினரோ, அதே திராவகத்தில்தான் அந்த இடுக்கி தோய்க்கப்பட்டது! வித்தணுவோ அத்திராவகத்தின் சிறு அலசலுக்கு மடிவதன்று. மண் இடுக்கிக்கும், இடுக்கி புட்டிக்கும் வித்தைக் கடத்திவிட்டன என்று கொள்வதே அறிவுக்குப் பொருந்துவது.

அவ்வுதவியாளர்மேல் பழியைத் திருப்புவது எம் நோக்கமன்று. நெரிசலும் அவசரமும் நிறைந்த ஊசி முகாமில் எளிய ஊழியர் ஒருவர் செய்தது அது. ஊரார் நலனுக்கே உழைத்தவர் அவரும். ஆனால் இச்செய்தி விசாரணையில் வெளிவந்தும் அதற்கு உரிய எடை அளிக்கப்படவில்லை என்பதே குறை. அயல்நாட்டவர், யூதர், மருத்துவப் பட்டம் இல்லாதவர் என்ற மூன்றும் துலாக்கோலின் மறு தட்டில் இருந்தன என்று கருதியோர் அந்நாளிலேயே உண்டு. பிரான்சில் ட்ரைஃபஸ் என்னும் யூதப் படைத்தலைவர் செய்யாத குற்றத்திற்குத் தண்டனையுற்ற வழக்கு உலகெங்கும் பேசப்பட்ட காலம் அது. ஹாஃப்கின் வழக்கையும் அதனோடு ஒப்பிட்டுப் பேசினர்.

அதிகாரத்தின் ஆணை ஒரு மனிதனை வேரோடு பறித்துவிடுவது நம் அதியன்னூருக்குப் புதிய செய்தி அன்று. இம்மண்ணில் 1878இல் பிறந்த சுதேசாபிமானி இராமகிருஷ்ண பிள்ளை, தம் பத்திரிகையில் அரசைக் கடிந்து எழுதியமைக்காக 1910இல் திருவிதாங்கூரினின்று நாடு கடத்தப்பட்டார். அவர் 1916இல் கண்ணூரில் மறைந்தார். பிறந்த மண்ணுக்கு மீளவில்லை. ஹாஃப்கினுக்கோ மீட்சி வந்தது. காலந் தாழ்ந்து வந்தது.

இலண்டனிலிருந்து தம் வழக்கைத் தாமே வாதாடினார் அவர். ஆவணங்களைத் தேடினார், அறிஞர்களுக்கு எழுதினார். மலேரியா கொசுவால் பரவுவதை இந்திய மண்ணிலேயே கண்டறிந்து நோபல் பரிசு பெற்ற ரொனால்டு ராஸ் அவர் பக்கம் நின்றார். கல்கத்தாவில் அவருக்கு முன்பே துணைநின்ற சிம்ஸன் என்னும் சுகாதார அதிகாரியும் சேர்ந்துகொண்டார். 1907 சூலை 29ஆம் நாள் இலண்டன் டைம்ஸ் நாளிதழில் ராஸ் முதலான அறிஞர் பதின்மர் கையெழுத்திட்ட கடிதம் வெளியாயிற்று. ஹாஃப்கின்மேல் சாட்டிய குற்றம் சான்றால் மறுக்கப்பட்டுவிட்டது என்பது அதன் சாரம். அறியாமையால் ஓர் அறிவாளனைத் தண்டிப்பது, நாளை மக்கள் நலத்துக்கு உழைக்க வருவோரை அஞ்சி விலகச் செய்யும் என்ற எச்சரிக்கையும் உடன் எழுந்தது. அவ்வாண்டு நவம்பரில் அரசாங்கம் பழியை நீக்கியது.

மீண்டும் இந்தியாவில் பணி கொடுத்தனர். ஆனால் பரேலில் அவர் உருவாக்கிய ஆய்வுக்கூடம் வேறொருவர் பொறுப்பில் இருந்தது. கல்கத்தாவில் அவருக்கு ஓர் இடம் கிடைத்தது. முன்போலப் புதிய ஊசிகளை மக்களிடையே சோதிக்கும் உரிமை அங்கு இல்லை. ஏழாண்டு அவ்வாறே கழிந்தது. அந்நாளில் பெரும் கண்டுபிடிப்பு எதுவும் அவரிடமிருந்து வரவில்லை. சிலர் இதனை அவர் ஆற்றல் குன்றியமைக்குச் சான்று என்பர். 42 வயதில் ஓர் ஆராய்ச்சியாளன் கையைக் கட்டிவிட்டு 47 வயதில் அவிழ்த்தால் அக்கை முன்போல எழுதுமோ? யாம் அவ்வாறு கருதவில்லை.

முதல் உலகப்போர் தொடங்கிய காலத்தில் ஓய்வு பெற்று ஐரோப்பா திரும்பினார். திருமணம் செய்துகொள்ளவில்லை. பேராசிரியப் பதவிக்காகக்கூட விடாத தம் சமயத்தின் நெறிகளில் முதுமையில் மேலும் ஆழ்ந்து, யூத சமயக் கல்விச்சாலைகளுக்கே தம் செல்வத்தை ஒதுக்கினார். 1930 அக்டோபர் 26ஆம் நாள் சுவிட்சர்லாந்தின் லோசான் நகரில் காலமானார். அதற்கு ஐந்தாண்டு முன்பே, 1925இல், பரேல் ஆய்வுக்கூடம் ஹாஃப்கின் நிலையம் எனப் பெயர் மாற்றம் பெற்றது. 1964இல் இந்திய அரசு அவர் உருவம் பொறித்த தபால்தலையை வெளியிட்டது.

முல்கோவாலுக்குப் பின் தனுர்வாதத்திற்கும் தடுப்பூசி வந்துவிட்டது. கிருமியின் நஞ்சை வலிமை நீக்கி உடலுக்கு முன்கூட்டியே பழக்கும் முறை அது. கருவுற்ற தாய்மாருக்கு அவ்வூசி போடும் வழக்கமும், தொப்புட்கொடியைத் தூய கருவியால் அறுக்கும் வழக்கமும் பரவியதன் பயனாக, பச்சிளங்குழந்தைகளை வாரிச் சென்ற தனுர்வாதம் இந்தியாவில் பொதுநலக் கேடாக இல்லாதவாறு ஒழிக்கப்பட்டது என்று 2015இல் உறுதி செய்யப்பட்டது. முன்னாளில் கொடியறுக்க அரிவாளும், புண்ணில் அப்பச் சாணமும் சாம்பலும் கொண்டுவந்த மருத்துவச்சியர் கொடியவர் அல்லர், வித்தணுவை அறியாதவர். மண்ணிலோ அவ்வித்து ஒழியவில்லை. ஒழிக்க வழியும் இல்லை. நெய்யாற்றங்கரை வயலிலும், நம் குடியிருப்பின் கொல்லையிலும், தொழுவத்து எருவிலும் அது இன்றும் உறங்கிக்கொண்டிருக்கிறது. காயத்தைச் சோப்பும் நீரும் கொண்டு உடனே கழுவி, ஊசி எப்போது போட்டோம் என்பதைக் குழந்தையின் தடுப்பூசி அட்டையிலோ ஆஸ்பத்திரிச் சீட்டிலோ குறித்து வைத்திருக்கும் இல்லங்கள் நம்முள் பல. அட்டை தொலைந்த இல்லங்களும் சில உண்டு. அவ்வில்லத்தார் அருகிலுள்ள சுகாதார நிலையத்தில் கேட்டால், எவ்வெப்போது போட வேண்டும் என்று செவிலியரே எழுதித் தருவர்.